அளந்தால் நின்றுவிடும் மாற்றம்

பள்ளி முடியப் பத்து நிமிடம் இருக்கும்போது சுவர்க் கடிகாரத்தை அடிக்கடி பார்க்கும் மாணவருக்கு, அதன் முள் நகராதது போலவே தோன்றும். கடிகாரம் ஒழுங்காகத்தான் ஓடுகிறது. தாமதம் அவருடைய மனத்தில்தான் இருக்கிறது. ஆனால், அடிக்கடி அளந்தால் உண்மையிலேயே மாறாமல் நின்றுவிடும் பொருள்களும் உண்டு. அவை அணுக்கள்.

ஓர் அளவீடு, அளக்கப்படும் பொருளைச் சிறிதேனும் மாற்றிவிடுவது புதிய செய்தியன்று. மிதிவண்டிச் சக்கரத்தின் காற்றழுத்தத்தை அளக்கக் கருவியைப் பொருத்தும்போது கொஞ்சம் காற்று வெளியேறிவிடுகிறது. குவளை வெந்நீரில் வைத்த வெப்பமானி, அந்நீரின் வெப்பத்தில் ஒரு பங்கை எடுத்துக்கொள்கிறது. அன்றாட வாழ்வில் இவற்றை யாரும் பொருட்படுத்துவதில்லை. அணுக்களின் உலகில் அப்படி விட்டுவிட முடியாது.

1977ஆம் ஆண்டு, அமெரிக்காவின் டெக்சஸ் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த பைத்யநாத் மிஸ்ரா, இ.சி.ஜி. சுதர்சன் ஆகிய இருவரும் ஒரு வியப்பான முடிவை வெளியிட்டனர். கேரளத்தில் பிறந்த சுதர்சன், சென்னைக் கிறித்துவக் கல்லூரியில் பயின்றவர். தானாகவே சிதையும் இயல்புடைய ஒரு துகளை இடைவிடாமல் கண்காணித்துக்கொண்டே இருந்தால் அது சிதையவே சிதையாது என்று அவர்களின் கணக்கு கூறியது. பண்டைய கிரேக்கச் சிந்தனையாளர் ஜீனோ, பறக்கும் அம்பு ஒவ்வொரு கணத்திலும் ஓரிடத்தில் நின்றுகொண்டிருக்கிறது, அப்படியென்றால் அது எப்போதுதான் நகர்கிறது என்று கேட்டவர். அவர் நினைவாக இதற்குக் ‘குவாண்டம் ஜீனோ விளைவு’ என்னும் பெயர் வந்தது.

இது எப்படி நிகழ்கிறது? ஒரு கல்லைக் கையிலிருந்து விடுவதாக எண்ணிப் பாருங்கள். முதல் ஒரு விநாடியில் அது ஏறத்தாழ 5 மீட்டர் விழும். முதல் அரை விநாடியில் இரண்டரை மீட்டர் விழுவதில்லை, 1.25 மீட்டர்தான் விழும். நேரம் பாதியானால் தூரம் கால் பங்காகிவிடுகிறது. இப்போது அந்தக் கல்லை ஒரு விநாடியின் பத்தில் ஒரு பங்கு நேரத்திற்கு ஒருமுறை பிடித்து நிறுத்தி, மீண்டும் விடுங்கள். ஒவ்வொரு முறையும் 5 சென்டிமீட்டர்தான் விழும். பத்து முறைக்கும் சேர்த்து அரை மீட்டர். விநாடிக்கு நூறு முறை பிடித்து விட்டால், மொத்தமே 5 சென்டிமீட்டர்! அணுவும் ஒரு நிலையிலிருந்து மற்றொரு நிலைக்கு இப்படித்தான் மெதுவாகத் தொடங்கி மாறுகிறது. ஒவ்வோர் அளவீடும் அதைப் பிடித்து நிறுத்தும் கை போன்றது. கல்லுக்கும் அணுவுக்கும் ஒரு வேறுபாடு உண்டு. பிடிக்கப்பட்ட கல் அதுவரை விழுந்த இடத்திலேயே நிற்கும். அணுவோ பெரும்பாலும் தொடங்கிய நிலைக்கே திரும்பிவிடும்.

கணக்கு சொன்னதை மெய்ப்பிக்கப் பதின்மூன்று ஆண்டுகள் ஆயின. 1990இல், அமெரிக்கத் தரநிலை நிறுவனத்தைச் சேர்ந்த வெய்ன் இட்டானோ, டேவிட் வைன்லேண்ட் உள்ளிட்ட ஆய்வாளர்கள் ஏறத்தாழ 5,000 பெரிலியம் அயனிகளை மின்காந்தப் பொறி ஒன்றுக்குள் அடைத்து வைத்தனர். அந்த அயனிகள்மீது வானொலி அலையைக் கால் விநாடியைச் சற்றுத் தாண்டிச் செலுத்தினால், அவை அனைத்தும் கீழ்நிலையிலிருந்து மேல்நிலைக்குச் சென்றுவிடும். இடையிடையே அவர்கள் லேசர் ஒளியைப் பாய்ச்சி அயனிகளின் நிலையைச் சோதித்தனர். கீழ்நிலையில் இருப்பவை ஒளியைச் சிதறடிக்கும். மேல்நிலைக்குச் சென்றவை இருளாகவே இருக்கும். அந்தக் கால் விநாடிக்குள் 4 முறை அளந்தால், நூற்றுக்கு 38 அயனிகளே மாறும் என்றது கணக்கு. 16 முறை அளந்தால் 13 மாறும். 64 முறை அளந்தால் வெறும் 4. சோதனையில் கிடைத்த எண்களும் இக்கணக்கோடு ஒத்துப்போயின.

இங்கே பலர் ஒரு தவறான முடிவுக்கு வந்துவிடுகிறார்கள். மனிதரின் பார்வைக்கு ஏதோ மந்திர ஆற்றல் இருப்பதாக எண்ணுகிறார்கள். அந்த ஆய்வுக்கூடத்தில் எல்லாரும் கண்களை மூடிக்கொண்டிருந்தாலும் இதே முடிவுதான் கிடைத்திருக்கும். அணுவைத் தொட்டது லேசர் ஒளி. யாருடைய கண்ணும் அன்று.

அப்படியானால் நின்றது நேரமா, மாற்றமா? ஆய்வுக்கூடக் கடிகாரம் வழக்கம்போல் ஓடியது; அயனிகளின் மாற்றம் மட்டுமே நின்றது. ஆயினும், இந்தக் கேள்வியை அவ்வளவு எளிதாக ஒதுக்கிவிட முடியாது. 1967 முதல் ஒரு விநாடி என்பதே சீசியம் அணுவைக் கொண்டு வரையறுக்கப்படுகிறது. அந்த அணு உமிழும் கதிர்வீச்சின் 9,192,631,770 அதிர்வுகளுக்கு ஆகும் நேரமே ஒரு விநாடி. அணுவின் மாற்றத்தைக் கொண்டுதான் நாம் நேரத்தையே அளக்கிறோம். அந்த அணுவை இடைவிடாமல் அளந்துகொண்டிருந்தால் கடிகாரம் என்ன ஆகும்?

கடிகாரத்தை வடிவமைப்பவர்கள் இதற்கு வழி வைத்திருக்கிறார்கள். சீசிய ஊற்றுக் கடிகாரத்தில், குளிர்விக்கப்பட்ட அணுக்கள் நீரூற்றுபோல் மேலே எறியப்படுகின்றன. மேலே செல்லும்போது ஒருமுறையும் கீழே விழும்போது ஒருமுறையும் அவை நுண்ணலையைக் கடந்து செல்கின்றன. இடைப்பட்ட நேரத்தில் அவற்றின்மீது லேசர் ஒளி படுவதில்லை. அணுக்கள் எந்த நிலையில் இருக்கின்றன என்பதைக் கீழே வந்து சேர்ந்த பிறகே லேசர் சோதிக்கிறது. உலகின் மிகத் துல்லியமான கடிகாரங்களில் ஒன்று, ஓடும்போது பார்க்கப்படாமல் இருப்பதால்தான் சரியாக ஓடுகிறது.

யுரேனியம் போன்ற கதிரியக்கப் பொருள்களின் சிதைவையும் இவ்வாறு தடுத்துவிடலாமே என்று தோன்றலாம். நடைமுறையில் அது இயலாது. அவற்றில் அந்த மெதுவான தொடக்கக் கட்டம் மிக மிகக் குறுகியது. அதற்குள் ஓர் அளவீட்டைச் செய்து முடிக்கும் கருவி எவரிடமும் இல்லை.

மேலும், அளவீடு எப்போதும் மாற்றத்தைத் தடுப்பதும் இல்லை. 2001இல் டெக்சஸ் பல்கலைக்கழகத்தில் மார்க் ரைசனின் குழுவினர், ஒளியாலான பொறிக்குள் சோடியம் அணுக்களை வைத்து, அவை தப்பிச் செல்லும் வேகத்தைக் கவனித்தனர். மிகக் குறுகிய இடைவெளியில் அளந்தபோது அணுக்கள் தப்பும் வேகம் குறைந்தது. இடைவெளியைச் சற்று நீட்டியபோதோ, அளக்காமல் விட்டிருந்தால் தப்பியிருக்கக்கூடியதைவிட விரைவாக அவை தப்பின.