உங்களுக்குத் தெரியுமா? சதுக்கத்தில் ஆடையின்றி 18,000 பேர்

மேட்டுப்பாளையம் நகராட்சியில், 2011 கணக்கெடுப்பின்படி, சுமார் 69 ஆயிரம் பேர். அதில் நாலில் ஒரு பங்கு சனம் விடியக்காலையில் ஒரே இடத்தில் கூடினால் எத்தனை பெரிய கூட்டமாக இருக்கும்! 2007 மே 6 அன்று மெக்சிகோ நகரின் சோக்கலோ சதுக்கத்தில் அப்படித்தான் ஏறக்குறைய 18,000 பேர் ஆடையின்றித் திரண்டார்கள். படமெடுக்க அழைத்தவர் அமெரிக்கப் புகைப்படக் கலைஞர் ஸ்பென்சர் ட்யூனிக். வந்தவர்கள் எல்லோரும் தன்னார்வலர்கள், சம்பளம் கிடையாது. அவருக்காகவே 2010-இல் சிட்னி ஓபரா ஹவுஸ் முன்பு 5,200 பேர். 2016-இல் இங்கிலாந்தின் ஹல் நகரில் 3,200 பேர் மேலெல்லாம் நீலச்சாயம் பூசி நின்றார்கள்.

இந்தப் படங்களில் தனி ஆள் கண்ணில் படுவதில்லை. கல்தரையில் விரித்த கம்பளம் போலத் தோலின் நிறங்கள் மட்டுமே தெரிகின்றன. துணியோடு உத்தியோகமும் வசதியும்கூடக் கழன்றுவிடுகின்றன. எனக்கு இதில் பெரிதாகப் படுவது அதுதான்.

நம் நாட்டில் ஒருமுறை பொதுவெளியில் ஆடை களைந்தது கலைக்காக அல்ல, நீதிக்காக. மணிப்பூரில் அசாம் ரைபிள்ஸ் படையினர் பிடித்துச் சென்ற தங்ஜம் மனோரமா என்ற பெண்ணின் கொலையைக் கண்டித்து, 2004 ஜூலை 15 அன்று அந்தப் படை தங்கியிருந்த இம்பால் காங்லா கோட்டை வாசலில் 12 தாய்மார்கள் வெற்றுடம்பாக நின்றார்கள். அதே ஆண்டு நவம்பரில் அசாம் ரைபிள்ஸ் படை அந்தக் கோட்டையைக் காலி செய்தது.