பீர் கம்பெனியில் இருந்து டெலிகாம் சி.இ.ஓ... யார் இந்த பீட்டர் என்டெக்வா?

பீர் வித்த ஒருவரிடம் ஒரு நாட்டோட பெரிய செல்போன் நிறுவனத்தைக் கொடுப்பாங்களா? கென்யாவில் கொடுத்தாங்க.

யார் இவர்?
நைரோபி பல்கலைக்கழகத்தில் பொருளாதாரம், லண்டனில் எம்.பி.ஏ படித்தவர். பி.டபிள்யூ.சி ஆடிட்டிங் நிறுவனத்தில் 11 ஆண்டுகள் வேலை. 2004-ல் ஈஸ்ட் ஆப்பிரிக்கன் பிரூவரீஸில் சேர்ந்தார். அதன்பின் கானா, நைஜீரியாவில் கின்னஸ் நிறுவனங்களின் தலைவர். அடுத்து, தாய் நிறுவனமான டியாஜியோவில் ஐரோப்பிய சந்தைப் பொறுப்பு.

பீரில் என்ன கற்றார்?
கள்ளச்சாராயம் குடிப்பவர்களை இழுக்க, அந்த கென்ய நிறுவனம் 2004-ல் 'செனட்டர்' என்ற மலிவு விலை பீரை இறக்கியது. அரசும் வரிச்சலுகை தந்தது. கையில் காசு குறைவா இருக்கிறவங்களுக்கு ஏத்த விலை, மூலைமுடுக்கு கடை வரை சப்ளை. இதுதான் அங்கே வியாபார சூத்திரம்.

சஃபாரிகாம் ஏன் அழைத்தது?
சி.இ.ஓ பாப் கோலிமோர் 2019 ஜூலையில் இறந்தார். 2020 ஏப்ரல் 1-ல் என்டெக்வா பொறுப்பேற்றார். அந்தப் பதவிக்கு வந்த முதல் கென்யர் இவர்தான். அதன் எம்-பெசா பணப் பரிமாற்ற சேவையும் சின்னச் சின்ன கடைகளை நம்பித்தான் ஓடுது. பீர் சப்ளை அனுபவம் கைகொடுக்கும் இடம் இது.

இப்போ சவால் என்ன?
2022 அக்டோபரில் எத்தியோப்பியாவில் சேவை தொடங்கியது. 2024-ல் அந்நாட்டுப் பணமான பிர் மதிப்பு சரிய, சஃபாரிகாம் கணக்கிலும் அடி விழுந்தது. சொந்த ஊரில் ஜெயித்த சூத்திரம் பக்கத்து நாட்டிலும் பலிக்குமா? என்டெக்வாவுக்கு நிஜமான பரீட்சை அங்கேதான்.