கைராசி எங்கிருந்து வருகிறது?

ஆஸ்பத்திரியில் படுத்து எழுந்தவர்களுக்கெல்லாம் வென்ஃப்ளான் தெரியும். புறங்கையில் குத்தி, பிளாஸ்திரி ஒட்டி, அதன் வழியாகக் குளுக்கோஸ் ஏற்றுவார்களே, அதுதான். ஒரு நர்ஸ் ஒரே குத்தில் போட்டுவிடுவார்; இன்னொருவர் மூன்று இடத்தில் குத்துவார். முதலாமவருக்குக் கைராசி என்று சொல்லிவிட்டு நாம் அடுத்த பேச்சுக்குப் போய்விடுகிறோம். அந்தக் கைராசியை எப்படிக் கற்றுக்கொடுக்கிறார்கள், வந்துவிட்டதா என்று எப்படிச் சோதிக்கிறார்கள் என்பதை நிதானமாகப் பார்ப்போம்.

வென்ஃப்ளான் என்பது ஓர் ஊசியும் அதன்மேல் போர்த்திய மெல்லிய பிளாஸ்டிக் குழாயும். சீவிய பென்சிலில் மரத்தைத் தாண்டிக் கூர் நீட்டிக்கொண்டிருப்பதுபோல, குழாயைத் தாண்டி ஊசிமுனை சற்று நீண்டிருக்கும். ரத்தக்குழாய்க்குள் ஊசி நுழைந்ததும் பின்னாலுள்ள சிறு அறையில் ரத்தம் தெரியும். புதிதாகக் கற்பவர் அதைக் கண்டதும் சந்தோஷப்பட்டுப் பிளாஸ்டிக் குழாயைத் தள்ளிவிடுவார். அந்த நொடியில் உள்ளே இருப்பது ஊசிமுனை மட்டுமே. பிளாஸ்டிக்கின் விளிம்பு இன்னும் வெளியேதான் நிற்கிறது. தள்ளினால் அது சுவரில் முட்டும், ரத்தம் கசிந்து அந்த இடம் வீங்கும். ஊசியைத் தோலோடு தோலாகத் தாழ்த்தி, இன்னும் ஓரிரு மில்லிமீட்டர் உள்ளே கொண்டுபோன பிறகே குழாயை நகர்த்த வேண்டும்.

பல வருஷம் பழகிய நர்ஸ் சொல்லிக்கொடுக்கும்போது இந்த ஓரிரு மில்லிமீட்டரைச் சொல்லாமலே விட்டுவிடக்கூடும். வேண்டுமென்று மறைப்பதில்லை. அது அவர் கையோடு கலந்துவிட்டதால் மனம் அதைக் கவனிப்பதே இல்லை. பால் ஃபிட்ஸ், மைக்கேல் போஸ்னர் என்ற உளவியலாளர்கள் 1967-இல் வெளிவந்த நூலில் இந்தப் பயணத்தை மூன்று கட்டமாகப் பிரித்தார்கள்: யோசித்து யோசித்துச் செய்வது, தவறுகளைத் திருத்தித் திருத்திச் செய்வது, யோசிக்காமலே செய்வது. மூன்றாம் கட்டத்தில் இருப்பவர் முதல் கட்டத்தில் இருப்பவருக்குச் சொல்லித்தருவது அதனால்தான் சிரமம்.

இதற்கு ஒரு நல்ல வழியை 1998-இல் பெய்ட்டன் என்ற அறுவை மருத்துவர் எழுதிவைத்தார். ஆசிரியர் முதலில் பேசாமல் வழக்கமான வேகத்தில் செய்துகாட்டுவார். பிறகு ஒவ்வொன்றாக விளக்கிச் செய்வார். மூன்றாவது முறை மாணவர் வாயால் சொல்லச் சொல்ல, ஆசிரியர் கையால் செய்வார். நான்காவதாகத்தான் மாணவர் தானே சொல்லிக்கொண்டு செய்வார். எனக்கு அந்த மூன்றாவது படிதான் உயிரானது என்று தோன்றுகிறது. விட்டுப்போன அந்த மில்லிமீட்டர், நோயாளியின் கையில் தெரிவதற்கு முன்பே மாணவரின் வாயில் தெரிந்துவிடும்.

எல்லாருக்கும் இருக்கும் ஒரு தப்பெண்ணத்துக்கு இப்போது வருவோம். ஒரு நாள் முழுக்க ரப்பர் கையில் குத்திப் பழகி, மாலையில் பிசகாமல் போட்டுவிட்டால் கற்றாகிவிட்டது என்று நினைக்கிறோம். மாணவரும் நம்புகிறார், ஆசிரியரும் கையெழுத்துப் போடுகிறார். கனடாவின் டொரொண்டோவில், நுண்ணிய ரத்தக்குழாய்களைத் தைக்கப் பயிலும் இளம் அறுவை மருத்துவர்களை வைத்து இதைச் சோதித்தார்கள். 2006-இல் முடிவு வெளியானது. ஒரு குழுவுக்கு நான்கு பாடமும் ஒரே நாளில். மறு குழுவுக்கு அதே நான்கு பாடம் வாரத்துக்கு ஒன்றாக. ஒரு மாதம் கழித்துச் சோதித்தபோது வாரவாரம் பழகியவர்களே மேலாகச் செய்தார்கள். பாடம் அதேதான், இடைவெளிதான் வேறு. மாலையில் நாம் பார்த்தது அன்றைய சூட்டில் வந்த திறமை. தங்கியதா என்பது நாள் கழித்துப் பார்த்தால்தான் தெரியும்.

சோதிக்கும் முறைக்கும் ஒரு கதை உண்டு. முன்பெல்லாம் ஒருவருக்குச் சுலபமான நோயாளி, இன்னொருவருக்குக் கடினமான நோயாளி, ஒரு தேர்வாளர் தாராளம், மற்றவர் கறார். ஸ்காட்லாந்தின் டண்டீயில் ரொனால்ட் ஹார்டனும் உடன் பணியாற்றியவர்களும் 1975-இல் ‘ஆஸ்கி’ என்ற முறையை வெளியிட்டார்கள். மேசைமேசையாக எல்லா மாணவருக்கும் ஒரே வேலை, ஒரே நேரம், ஒரே மதிப்பெண் பட்டியல். நியாயமான முறை. ஆனால் கை கழுவினாரா, கையில் கட்டிய பட்டையை அவிழ்த்தாரா என்று டிக் அடிக்கும் பட்டியல், கை தடுமாறியதைக் காட்டாது. அதனால் பட்டியலோடு, வீண் அசைவு இருந்ததா, வேலை சீராக ஓடியதா என்று மொத்தமாகப் பார்த்து மதிப்பிடும் அளவுகோலும் வேண்டும்.

இந்தியாவில் 2019 முதல் எம்.பி.பி.எஸ். பாடத்திட்டமே திறன்களை மையமாக வைத்து மாறியிருக்கிறது. பொம்மைகளில் பழகத் திறன் ஆய்வகங்களும் வந்திருக்கின்றன. கற்றுக்கொடுப்பவர்களுக்கு ஒரு வேண்டுகோள்: பயிற்சி நாளின் மாலையில் கையெழுத்துப் போடாதீர்கள். ஒரு மாதம் கழித்துக் கூப்பிட்டு, முன்னறிவிப்பு இல்லாமல் இன்னொரு தரம் செய்யச் சொல்லிப் பார்த்துவிட்டுப் போடுங்கள்.