நிலத்திற்கு நியாயமான இழப்பீடு பெறுவது எப்படி?

சோழவரத்திற்கு வடக்கே, கொல்கத்தா நெடுஞ்சாலையில் தச்சூர் இருக்கிறது. சித்தூரிலிருந்து வரும் ஆறுவழிச் சாலை இங்கேதான் வந்து சேர்கிறது. எண்ணூரையும் மாமல்லபுரத்தையும் இணைக்கும் சென்னை எல்லைச் சாலையும் இவ்வழியே செல்கிறது. இச்சாலைகளுக்காகத் திருவள்ளூர் மாவட்டத்தில் விளைநிலங்கள் எடுக்கப்பட்டன. சித்தூர் சாலையை ஊத்துக்கோட்டைப் பகுதி விவசாயிகள் எதிர்த்துப் போராடினார்கள். நிலம் போனபின் குடும்பத்திற்கு மிஞ்சுவது இழப்பீட்டுத் தொகைதான். ஆகவே, அது கணக்கிடப்படும் முறையைச் சிறு விவசாயிகள் அறிந்திருப்பது அவசியம்.

சந்தை மதிப்பு

1894-ஆம் ஆண்டுச் சட்டத்திற்குப் பதிலாக, 2013-ஆம் ஆண்டு நில எடுப்புச் சட்டம் 1-1-2014 முதல் நடைமுறைக்கு வந்தது. இதன்படி அரசின் வழிகாட்டி மதிப்பு, அக்கம்பக்கத்து நிலங்களின் சராசரி விற்பனை விலை ஆகிய இரண்டில் எது அதிகமோ அதையே எடுத்துக்கொள்ள வேண்டும். முதல்நிலை அறிவிக்கைக்கு முந்திய 3 ஆண்டுகளில் பதிவான கிரயப் பத்திரங்களை விலை வரிசைப்படி அடுக்கி, அதிக விலையுள்ள பாதிப் பத்திரங்களுக்கு மட்டும் சராசரி காண வேண்டும். 8 பத்திரங்கள் இருந்தால் மேலே உள்ள 4 மட்டுமே கணக்கில் சேரும்.

பத்திரச் செலவுக்குப் பயந்து விலையைக் குறைத்து எழுதும் வழக்கம் பல ஊர்களில் உண்டு. அன்று சில ஆயிரம் மிச்சமாகலாம். பின்னர் நில எடுப்பு வரும்போது, அந்தப் பத்திரமே ஊரார் அனைவரின் இழப்பீட்டையும் குறைத்துவிடும்.

ஓர் உதாரணம்

50 சென்ட் நிலத்தின் சந்தை மதிப்பு சென்டுக்கு ரூ.20,000 என வைத்துக்கொள்வோம். மொத்தம் ரூ.10 லட்சம். கிராமப்புற நிலத்திற்கு, நகரத்திலிருந்து உள்ள தூரத்தைப் பொறுத்து 1 முதல் 2 வரை அரசு நிர்ணயிக்கும் எண்ணால் இதைப் பெருக்க வேண்டும். அது 1.25 என்றால் ரூ.12.5 லட்சம். கிணறு, மரங்களின் மதிப்பு ரூ.1.5 லட்சத்தைச் சேர்த்தால் ரூ.14 லட்சம். இதற்குச் சமமான ஆறுதல் தொகை மற்றொரு ரூ.14 லட்சம். ஆக ரூ.28 லட்சம். இதைத் தவிர, சந்தை மதிப்பின் மீது ஆண்டுக்கு 12 சதவீதம் சட்டத்தில் குறித்த காலத்திற்குத் தனியே உண்டு.

இதில் கவனிக்க வேண்டியது ஒன்று. ரூ.50,000 பெறுமான கிணறு கணக்கில் விடுபட்டால், ஆறுதல் தொகையும் சேர்ந்து ரூ.1 லட்சம் நஷ்டமாகும்.

செய்ய வேண்டியவை

அளவை நடக்கும்போது நிலத்தில் நேரில் இருங்கள். மரங்களை இனம், வயது வாரியாக எண்ணிக் குறிப்பெடுங்கள். ஆழ்துளைக் கிணறு, பம்புசெட், குழாய், களம், வேலி எதையும் விடாதீர்கள். பயிர், மரம், கிணறு ஆகியவை அடங்கலில் ஏறியிருக்கின்றனவா என்று கிராம நிர்வாக அலுவலரிடம் முன்கூட்டியே பாருங்கள். பட்டா இறந்தவர் பெயரில் இருந்தால் உடனே மாற்றுங்கள். சாலை குறுக்கே போவதால் மீதி நிலம் துண்டாகி, வாய்க்கால் தொடர்பு அறுந்தால், அந்தச் சேதத்தையும் எழுத்து மூலம் கோருங்கள்.

தொகை போதவில்லை என்றால், ‘ஆட்சேபணையுடன் பெற்றுக்கொள்கிறேன்’ என்று எழுதிக் கொடுத்தே பணத்தைப் பெற வேண்டும். 2013 சட்டப்படி, ஆட்சேபணை இன்றிப் பெற்றவர் பிறகு கூடுதல் தொகை கோர முடியாது. இச்சட்டப்படி எடுத்த நிலத்திற்கு, இழப்பீட்டு ஆணை வழங்கும்போது ஆஜராகி இருந்தவர் 6 வாரத்திற்குள் மாவட்ட ஆட்சியரிடம் மனுச் செய்ய வேண்டும். தேசிய நெடுஞ்சாலை எனில் நடுவரிடம் முறையிட வேண்டும். மாநில நெடுஞ்சாலைக்கு 2001-ஆம் ஆண்டுத் தமிழ்நாட்டுச் சட்டம் தனியே உண்டு. எனவே, எந்தச் சட்டத்தின் கீழ் நிலம் எடுக்கப்படுகிறது என்பதை அறிவிக்கையில் முதலில் பாருங்கள்.

பட்டா, அடங்கல், வில்லங்கச் சான்று, அருகிலுள்ள நிலங்களின் கிரயப் பத்திர நகல்கள் ஆகிய நான்கையும் இப்போதே சேர்த்து வையுங்கள். ஆணை பிறந்த பின் தேடுவதைவிட, அளவைக் கல் நடுமுன் தேடி வைப்பதே பலன் தரும்.