கையெழுத்துப் போட்டாலும் உரிமை போகாது

எல்லயில் சின்ன சிவனொளிபாத மலைக்குப் போகும் வழியில், தேயிலைக்கு மேலாக அரை கிலோமீற்றருக்கும் கூடுதலாக நீளுகிறது, கம்பியில் தொங்கியபடி பாயும் 'பிளையிங் ராவணா' சிப்லைன். வேகம் மணிக்கு 80 கிலோமீற்றர் வரை. சுற்றுலாப் பயணிகள் மட்டுமல்ல, நம் தோட்டத்துப் பிள்ளைகளும் இப்படிப்பட்ட சாகசங்களுக்கு ஆசைப்படுகிறார்கள். ஆசைப்படட்டும், ஏறுமுன் சிலவற்றைத் தெரிந்துகொள்ளட்டும்.

மயக்கம் ஏன் வருகிறது?

ரோலர் கோஸ்டர் பள்ளத்தில் பாய்ந்து மேலே திரும்பும்போது உடம்பின் பாரம் மூன்று, நான்கு மடங்கானதுபோல் அழுத்தும். இரத்தம் காலுக்கு இறங்க, மூளைக்குப் போவது குறையும். பார்வை மங்கும், பிறகு நினைவு தப்பும். சிப்லைனில் அவ்வளவு அழுத்தம் இல்லை. அங்கே பயமே போதும்: நாடித்துடிப்பும் பிரஷரும் சட்டென்று இறங்கிவிடும். நடுக்கம்பியில் சிக்கி அசையாமல் தொங்கினாலும் இரத்தம் காலில் தேங்கி மயக்கம் வரும். மாட்டிக்கொண்டால் கால்களை ஆட்டிக்கொண்டே இருங்கள்.

யார் ஏறக்கூடாது?

கர்ப்பிணிகள், இருதய நோய், வலிப்பு, கட்டுப்படாத பிரஷர், கழுத்து அல்லது முதுகு வருத்தம் உள்ளவர்கள். இரத்தச்சோகை உள்ளவர்கள் டொக்டரிடம் கேட்டுவிட்டு ஏறுங்கள். காலையில் வெறும் தேத்தண்ணியோடு போய் யாரும் ஏற வேண்டாம்.

மயங்கி விழுந்தால்?

மல்லாக்கப் படுக்கவைத்து, பாதுகாப்புப் பட்டியைத் தளர்த்தி, கால்களை உயர்த்துங்கள். தெளியும்வரை தண்ணீர் புகட்டாதீர்கள். ஒரு நிமிடத்தில் தெளியாவிட்டால், நெஞ்சு வலித்தால், வலிப்பு வந்தால் 1990 சுவசெரிய அம்புலன்ஸை அழையுங்கள். ரோலர் கோஸ்டரில் ஏறிச் சில நாட்கள் கழித்துத் தலைவலி கூடிக்கொண்டே போனாலும் வைத்தியசாலைக்குப் போங்கள். மூளையைச் சுற்றி இரத்தம் கசிந்திருக்கலாம்.

படிவமும் சட்டமும்

இத்தகைய இடங்களில் ஏறுமுன் ஒரு படிவம் நீட்டுவார்கள். 'எது நடந்தாலும் நாங்கள் பொறுப்பல்ல' என்று அதில் இருக்கலாம். நடத்துபவரின் கவனயீனத்தால் மரணமோ காயமோ நேர்ந்தால் அந்த வரி செல்லாது. நியாயமற்ற ஒப்பந்த நிபந்தனைகள் பற்றிய 1997ஆம் ஆண்டின் 26ஆம் இலக்கச் சட்டம் அப்படித்தான் சொல்கிறது. ஆனால் வருத்தத்தை மறைத்து ஏறியவருக்கு, அவர் பங்குத் தவறுக்கு ஏற்ப நட்டஈடு குறையலாம். ஆகவே உடல்நிலை பற்றிய கேள்விக்கு உண்மையை எழுதுங்கள். விளங்காததை விளங்கப்படுத்தச் சொல்லுங்கள்.

விபத்து நடந்தால்?

டிக்கட், படிவத்தின் படம், பட்டியின் படம், கூட இருந்தவர்களின் தொலைபேசி இலக்கம், வைத்தியசாலைத் துண்டு எல்லாவற்றையும் பத்திரப்படுத்துங்கள். பொலிஸில் முறைப்பாடு செய்து அதன் இலக்கத்தைக் குறித்துக்கொள்ளுங்கள். தமிழில் முறையிட அரசியலமைப்பே உரிமை தருகிறது. சேவைக் குறைபாடு பற்றி மூன்று மாதத்துக்குள் நுகர்வோர் அதிகார சபைக்கு எழுத்தில் முறையிடலாம், தொலைபேசி 1977. நட்டஈட்டு வழக்குக்கு இரண்டு வருடம்தான் காலக்கெடு. வக்கீலுக்குக் காசில்லை என்று தள்ளிப்போடாமல், வருமானம் குறைந்தவர்களுக்காகவே இருக்கும் சட்ட உதவி ஆணைக்குழுவை உடனே நாடுங்கள்.