நாடக மேடையிற் பிறந்த திரைப்படம்

நாடகம் பார்க்கச் சென்றவர்களுக்கு இடைநடுவே ஒரு திரைப்படத்தைக் காட்டினால் எப்படியிருக்கும்? 1923ஆம் ஆண்டில் மொஸ்கோ நகரத்து இரசிகர்களுக்கு அத்தகையதோர் அனுபவம் கிட்டியது.

'புரொலெற்குல்ட்' என்னும் தொழிலாளர் பண்பாட்டு இயக்கத்தின் அரங்கில், ஒஸ்திரோவ்ஸ்கி 1868இல் எழுதிய நகைச்சுவை நாடகமொன்று அவ்வாண்டு மேடையேறிற்று. அதனை நெறிப்படுத்தியவர் இருபத்தைந்து வயது இளைஞரான சேர்கேய் ஐஸன்ஸ்டைன். நாடக மேதை மேயர்ஹோல்டிடம் பயின்ற இவர், பழைய நாடகத்தை அப்படியே நடித்துக் காட்ட விரும்பினாரல்லர். மேடையைச் சர்க்கஸ் அரங்காகவே மாற்றிவிட்டார். நடிகரொருவர் பார்வையாளரின் தலைக்கு மேலே கட்டிய கம்பியில் நடந்தார். முடிவில் ஆசனங்களின் கீழே வெடிகள் வெடித்தன!

இவையெல்லாம் வெறும் வேடிக்கைகளோ? அல்ல. 'ஈர்ப்புக்களின் தொகுப்பு' என்றொரு கொள்கையை அவர் அதே ஆண்டில் 'லெஃப்' சஞ்சிகையில் வெளியிட்டார். நாடகத்தின் மூலப்பொருள் பார்வையாளனே. அவனது புலன்களையும் உள்ளத்தையும் தாக்கும் அதிர்ச்சிகளைக் கணக்கிட்டு அடுக்கி, அவனை ஒரு முடிவுக்கு இட்டுச் செல்லவேண்டும் என்பதே அதன் சாரம்.

நாடகத்தின் நாயகன் குளூமோவ், பெரியவர்களை முகத்துக்கெதிரே புகழ்ந்துவிட்டு, அவர்களது மடமையை நாட்குறிப்பில் எழுதி வைப்பவன். அந்த நாட்குறிப்பையே ஐஸன்ஸ்டைன் ஏறக்குறைய ஐந்து நிமிடப் படமாக்கினார். பிறரை மகிழ்விப்பதற்காகக் குளூமோவ் இயந்திரத் துப்பாக்கியாகிறான்; கழுதையாகிறான்; குழந்தையுமாகிறான். முகத்துதி செய்பவனின் இழிவை இதனினும் சுருக்கமாகக் காட்டுதல் அரிது. சீகா வேர்த்தோவ் தமது செய்திப்படத் தொடரில் இதனைச் சேர்த்துக்கொண்டமையால் இப்படம் அழியாது எஞ்சியது.

1924இல் ஐஸன்ஸ்டைன் மற்றுமொரு நாடகத்தை உண்மையான வாயுத் தொழிற்சாலையிலேயே நடத்தினார். மெய்யான இயந்திரங்களுக்கு முன்னே நடிப்புப் பொய்யாகத் தோன்றியது. மேடையை விட்டுத் திரைக்கே அவர் வந்துவிட்டார். 1925இல் வெளிவந்த 'வேலைநிறுத்தம்' படத்தில் தொழிலாளர் கொல்லப்படும் காட்சியுடன் மாடு அறுக்கப்படும் காட்சியை மாறி மாறி இணைத்தார். அரங்கிற் பிறந்த கொள்கை அங்கே முழு வலிமை பெற்றது.

அந்த வலிமையிலேயே ஆபத்தும் உண்டு. பார்வையாளனை மூலப்பொருளாகக் கொள்ளும் கலை அவனை விழிப்பிக்கவும் கூடும், மயக்கவும் கூடும். விளம்பரமும் அரசியற் பிரசாரமும் இன்று அதே வழியில் நம்மை நாடி வருகின்றன. ஆதலால், இரு காட்சிகள் அடுத்தடுத்துத் தோன்றி நெஞ்சைக் குலுக்கும்போது, 'என்னை எங்கே அழைத்துச் செல்கிறார்கள்?' என்று ஒரு கணம் கேட்கப் பழகுதல் மாணவர்க்கு மட்டுமன்றி நம்மனைவர்க்கும் நன்று.