என்யாவைத் தெரியும்... ‘கிளானட்’ தெரியுமா? ஐரிஷ் மொழியில் ஹிட் கொடுத்த குடும்ப பேண்டின் கதை!

இரண்டு வால்வோ லாரிகள் பின்னோக்கி ஓட, இரண்டின் பக்கக் கண்ணாடிகளிலும் கால் வைத்து நடிகர் வான் டாம் மெல்ல மெல்லக் கால்களை விரிப்பாரே, 2013-ல் வைரலான அந்த விளம்பரம் ஞாபகம் இருக்கா? பின்னணியில் ஒலித்தது ‘ஒன்லி டைம்’. பாடியவர் என்யா. அயர்லாந்தின் மிகப் பெரிய இசை நட்சத்திரங்களில் ஒருவர். ஆனால், அவர் தொழில்முறையாகப் பாட வந்தது சொந்தக் குடும்பத்தின் பேண்டில்தான். அதன் பெயர் கிளானட்.

யார் இந்தக் குடும்பம்?

அயர்லாந்தின் வடமேற்கு ஓரத்தில் டோனகல் மாவட்டம். அங்கே குவீடோர் என்ற ஊர்ப்பகுதி. ஆங்கிலம் நாட்டையே விழுங்கிவிட்ட பிறகும், வீட்டிலும் கடையிலும் ஐரிஷ் மொழி பேசிக்கொண்டிருந்த சில இடங்களில் இதுவும் ஒன்று. அப்பா லியோ பிரென்னன் ஊர் ஊராகப் போய் வாசித்த நடன இசைக்குழுக்காரர். பிறகு ‘லியோஸ் டேவர்ன்’ என்ற மதுக்கூடம் நடத்தினார். அம்மா இசை ஆசிரியை. பிள்ளைகள் ஒன்பது பேர்.

1970-ல் அக்கா மொயா, தம்பிகள் கீரன், போல் ஆகிய மூவரும் தாய்மாமன்கள் நோயல், பாட்ரிக் டுகனோடு சேர்ந்து பேண்ட் தொடங்கினார்கள். மாமன்கள் இரட்டையர். ‘மாமா’ என்றதும் பெரிய ஆளாக நினைக்க வேண்டாம். மொயாவைவிட மூன்று வயதுதான் மூத்தவர்கள். ‘டோர் ஊர்க் குடும்பம்’ என்ற பொருள்படும் ஐரிஷ் சொற்களைச் சுருக்கியதுதான் ‘கிளானட்’. மேடையே அப்பாவின் மதுக்கூடம்தான் என்பதால் ஒத்திகைக்கு இடம் தேடும் வேலை இல்லை!

அப்படி என்ன புதுசா செய்தார்கள்?

ஐரிஷ் மரபில் ஒரு பழைய பாணி உண்டு. பக்கவாத்தியம் கிடையாது. ஒற்றைக் குரல், நிறைய நெளிவு சுளிவு. ஊர்ப் பெரியவர்களிடம் கேட்டுச் சேகரித்த அந்தப் பாடல்களுக்கு இவர்கள் ஹார்ப், புல்லாங்குழல், மாண்டலின், கிட்டார், டபுள் பேஸ் சேர்த்தார்கள். கூடவே, பல குரல்களை அடுக்கிப் பாடினார்கள். ஒரே வீட்டுக் குரல்கள் ஒன்றோடொன்று இழைவது தனி சுகம். எந்த ஸ்டூடியோ வித்தையிலும் அது அவ்வளவு எளிதாக வராது.

சிக்கல் மொழியில் வந்தது. லெட்டர்கென்னி இசை விழாவில் ஜெயித்ததற்குப் பரிசு, ஆல்பம் ஒப்பந்தம். ஆனால், ‘ஐரிஷில் பாடினால் யார் வாங்குவார்கள்?’ என்று நிறுவனம் தயங்கியது. முதல் ஆல்பம் வெளிவந்தது 1973-ல்.

1980-ல் தங்கை என்யாவும் சேர்ந்தார். இரண்டே வருஷம். 1982-ல் மேனேஜர் நிக்கி ரயனோடு வெளியேறித் தனிப்பாதை போட்டார். குடும்பமே பேண்டாக இருந்தால் இதுதான் கஷ்டம்: யாராவது விலகினால் அதை வெறும் ‘பேண்ட் மேட்டர்’ என்று விட்டுவிட முடியாது.

திருப்பம் எங்கே?

அதே 1982-ல்தான். வட அயர்லாந்தில் குண்டுகள் வெடித்துக்கொண்டிருந்த காலம். ‘ஹாரிஸ் கேம்’ என்ற பிரிட்டிஷ் டிவி தொடர் வந்தது. பெல்ஃபாஸ்ட்டுக்குள் ரகசியமாக அனுப்பப்படும் பிரிட்டிஷ் ராணுவ ஆள் ஒருவரின் கதை. அதன் தீம் பாடலை கிளானட் ஐரிஷ் மொழியில் பாடியது. பிரிட்டன் விற்பனைப் பட்டியலில் அது 5-வது இடம் பிடித்தது! ‘யார் வாங்குவார்கள்?’ என்ற கேள்விக்கு, பாட்டின் ஒரு வரிகூடப் புரியாத லட்சக்கணக்கானோர் வசிக்கும் நாடே பதில் சொன்னது.

அடுத்து ‘ராபின் ஆஃப் ஷெர்வுட்’ தொடரின் இசைக்கு பாஃப்டா விருது. பிறகு யு2 பாடகர் போனோவுடன் ‘இன் எ லைஃப்டைம்’. 1999-ல் கிராமி. ஆனால் ஒன்றைக் கவனிக்கணும்: புகழ் ஏற ஏற, ஆங்கிலப் பாடல்களும் ஏறின. என் காதுக்கு, சின்தசைசர் மிதக்கும் அந்த எண்பதுகளின் பாடல்களைவிட எழுபதுகளின் கிளானட்தான் நிற்கிறது.

மொழி பிழைத்ததா?

2022 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் ‘ஐரிஷ் தெரியும்’ என்றவர்கள் சுமார் 18.7 லட்சம் பேர். பள்ளிக்கூடத்துக்கு வெளியே தினமும் பேசுகிறவர்கள் சுமார் 72 ஆயிரம் பேர்தான். ஒரு ஹிட் பாடல், மொழி மீதான கூச்சத்தைக் குறைக்கலாம். வீட்டில் பேசுவதற்கு ஆள் சேர்ப்பது வேறு வேலை.

பாட்ரிக் 2016-லும் நோயல் 2022-லும் மறைந்தார்கள். 2023-ல் மிச்சமிருந்தவர்கள் விடைபெறும் இசைப்பயணம் போனார்கள்.

எதிலிருந்து கேட்கலாம்?

1976-ல் வந்த ‘டூலமான்’ ஆல்பத்தின் தலைப்புப் பாடல். டூலமான் என்றால் ஒருவகைக் கடற்பாசி. பெண் கேட்டு ஆட்கள் வருகிறார்கள் என்று அம்மாவும் மகளும் பேசிக்கொள்கிற பாட்டு அது. ஹெட்செட் போட்டுக் கேளுங்கள். அதன் பிறகு ‘ஹாரிஸ் கேம்’.